காமிக்ஸைத் திரைக்கதையாக்கும் வேலை: எப்படி வருகிறது, எப்படிச் செய்வது, டைட்டில் கார்டில் யார் பெயர்

காமிக்ஸைப் படத்துக்கு எழுதும் திரைக்கதையாசிரியர் அந்த வேலைக்கு எப்படி வந்து சேருகிறார், வந்தபின் என்ன செய்கிறார், நிறையக் காமிக்ஸ் படித்திருந்தால் போதுமா என்பது கேள்வி. கடைசிப் பகுதிக்கு முதலில் பதில் சொல்லிவிடலாம்: போதாது. காமிக்ஸ் தெரிந்தவர்களுக்கு ஸ்டூடியோவில் பஞ்சமில்லை. பதிப்பகத்தின் எடிட்டர்களே கூப்பிடும் தூரத்தில் இருக்கிறார்கள். அவர்கள் தேடுவது, 120 பக்கத்துக்குள் ஒரு கதையைத் தொடங்கி நடத்தி முடிக்கத் தெரிந்த ஆளை. அதனால் இந்தத் துறையில் நிலைத்த ஏறக்குறைய எல்லோருமே காமிக்ஸ் அல்லாத ஒரு திரைக்கதையை எழுதிக் காட்டித்தான் உள்ளே போயிருக்கிறார்கள்.

டேவிட் எஸ். கோயரை எடுத்துக்கொள்வோம். 1965-இல் மிச்சிகன் மாநிலத்து ஆன் ஆர்பரில் பிறந்தவர். தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தில் படித்து 1988-இல் வெளியே வந்தார். அவர் எழுதி முதலில் விலைபோனது வான் டாம் நடித்து 1990-இல் வந்த ‘டெத் வாரன்ட்’. சிறைக்குள் நடக்கும் அடிதடிப் படம். காமிக்ஸுக்கும் அதற்கும் எந்தத் தொடர்பும் இல்லை. 1996-இல் ‘தி க்ரோ’ படத்தின் இரண்டாம் பாகம். 1998-இல் ‘பிளேடு’. அதே ஆண்டு அலெக்ஸ் ப்ரோயாஸ், லெம் டாப்ஸ் ஆகியோருடன் சேர்ந்து எழுதிய ‘டார்க் சிட்டி’ என்ற அசல் கதை. 2005-இல் ‘பேட்மேன் பிகின்ஸ்’, 2013-இல் ‘மேன் ஆஃப் ஸ்டீல்’, 2022-இல் தொலைக்காட்சித் தொடராக ‘தி சாண்ட்மேன்’. முதல் படத்துக்கும் பேட்மேனுக்கும் நடுவே 15 ஆண்டுகள். கிறிஸ்டஃபர் மார்க்கஸ், ஸ்டீஃபன் மெக்ஃபீலி இருவரின் கதையும் இதே மாதிரிதான். நடிகர் பீட்டர் செல்லர்ஸின் வாழ்க்கையைப் பற்றிய 2004 படமும் நார்னியா படமும் எழுதிய பிறகுதான் 2011-இல் ‘கேப்டன் அமெரிக்கா’வின் முதல் படம் அவர்கள் பெயரில் வந்தது. அதன்பின் 2019-இன் ‘எண்ட்கேம்’ வரை மார்வெலின் பெரிய படங்கள் பலவற்றை அவர்களே எழுதினார்கள்.

‘பிளேடு’ இந்தத் தொழிலின் எல்லா முகங்களையும் காட்டும் படம் என்பதால் அதில் கொஞ்சம் நின்று பார்ப்பது நல்லது. மார்வெல் நிறுவனம் 1996 டிசம்பரில் திவால் பாதுகாப்புக் கேட்டு மனுப் போட்டது. அந்தச் சூழலில், பொதுமக்கள் பெயர்கூடக் கேள்விப்பட்டிராத ஒரு துணைப் பாத்திரத்தை நியூ லைன் நிறுவனம் படமாக்கியது. பிளேடை உருவாக்கியவர்கள் எழுத்தாளர் மார்வ் வுல்ஃப்மேன், ஓவியர் ஜீன் கோலன். 1973-இல் ‘தி டூம் ஆஃப் டிராகுலா’ 10-ஆம் இதழில் அறிமுகமானான். காமிக்ஸில் அவன் மனிதன். இரத்தக் காட்டேரியின் கடி அவனைப் பாதிக்காது, அவ்வளவுதான். படத்தில் அவன் பாதி காட்டேரி. அவர்களுடைய வலிமை எல்லாம் உண்டு, இரத்தப் பசியும் உண்டு.

இந்த ஒரு மாற்றத்தால் என்ன கிடைத்தது என்று பாருங்கள். காமிக்ஸின் பிளேடுக்கு எதிரி வெளியே மட்டும்தான். படத்தின் பிளேடுக்கு எதிரி தன் உடம்புக்குள்ளும் இருக்கிறது. தினமும் ஊசி போட்டுத்தான் அதை அடக்க முடியும். இதழ் இதழாக வளரும் தொடருக்கு வெளி எதிரி போதும், மாதாமாதம் புதிதாக ஒருவனைக் கொண்டுவரலாம். இரண்டு மணி நேரத்தில் முடியவேண்டிய படத்துக்கு, நாயகனுக்குள்ளேயே தீராத ஒரு சிக்கல் வேண்டும். ஊசி போட்டுவிடவும் பேச்சுத் துணைக்கும் ஓர் ஆள் தேவைப்பட்டதால் விஸ்லர் என்ற கிழவர் படத்துக்காகவே உருவாக்கப்பட்டார். படம் வெளிவருவதற்கு முன்பே அந்த விஸ்லர் ‘ஸ்பைடர்மேன்’ கார்ட்டூன் தொடரில் தலைகாட்டிவிட்டார். பிற்பாடு காமிக்ஸிலும் பிளேடைப் பாதி காட்டேரியாகவே மாற்றிவிட்டார்கள். ஆக, திரைக்கதையாசிரியர் செய்த மாற்றம் மூலத்துக்கே திரும்பிப் போனது. ஆனால் விஸ்லர் மார்வெலின் சொத்து. இன்னொருவருக்குச் சொந்தமான உலகத்துக்குள் நீங்கள் உருவாக்கும் எதுவும் உங்களுடையதாக இருக்காது. இதை மனதில் வாங்கிக்கொண்டுதான் இந்த வேலைக்குள் போகவேண்டும்.

அந்தப் படத்தின் முதல் க்ளைமாக்ஸில் வில்லன் ஒரு பெரிய இரத்தச் சுழலாக மாறுவதாக இருந்தது. வெள்ளோட்டக் காட்சியில் பார்வையாளர்களுக்கு அது பிடிக்கவில்லை. மீண்டும் ஷூட்டிங் போய் வாள் சண்டையாக மாற்றினார்கள். காரணம் எளிது. ஓவியர் வரைந்தால் இரத்தச் சுழல் பக்கத்தை நிறைக்கும் பிரம்மாண்டம். திரையில், முகமில்லாத ஒன்றோடு நாயகன் மோத முடியாது. வரைபடத்தில் பிரமிக்க வைப்பது எல்லாம் நடிகருக்கு எதிரே நிற்க முடியுமா என்ற கேள்வியை எழுதும்போதே கேட்டுக்கொள்ளவேண்டும்.

இனி மேஜையில் நடக்கும் வேலை. தாளில் இருக்கும் காமிக்ஸையும் தாளில் இருக்கும் திரைக்கதையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இரண்டும் உறவினர்போலத் தெரியும். ‘காமிக்ஸ் என்பது ஏற்கெனவே வரையப்பட்ட ஸ்டோரிபோர்டுதானே’ (படமாக்கும் முன் ஷாட் ஷாட்டாக வரைந்து வைப்பது) என்று பலர் நினைப்பது அதனால்தான். அது தவறு, அதற்குக் கணக்கே இருக்கிறது. ஒரு அமெரிக்க மாத இதழில் கதைக்குரிய பக்கங்கள் 20 முதல் 22. பக்கத்துக்குச் சராசரி 5 பேனல், அதாவது படக் கட்டம், என்றால் இதழுக்குச் சுமார் 110 பேனல். தொகுப்பாக வரும் ஒரு கதைக்கு 6 இதழ், அதாவது 130 பக்கத்துக்கு மேல், 650 பேனலுக்கு மேல். பக்கத்துக்கு 150 சொல் என்று வைத்தாலும் பலூன்களிலும் பெட்டிகளிலுமாக ஏறக்குறைய 20,000 சொற்கள். ஹாலிவுட் கணக்கில் திரைக்கதையின் ஒரு பக்கம் திரையில் ஒரு நிமிடம். கூரியர் என்ற தட்டச்சு எழுத்துருவில், 12 புள்ளி அளவில், 110 முதல் 120 பக்கம். அதில் காட்சி விவரணை, வசனம் எல்லாம் சேர்த்தே மொத்தம் சுமார் 20,000 சொல்தான் வரும். வசனம் அதில் பாதி. எனவே ஆறே இதழ் கொண்ட சிறிய கதையிலேயே பேச்சில் பாதி வெளியே போயாகவேண்டும். எதைச் சேர்ப்பது என்பதைவிட எதை விடுவது என்பதுதான் இந்த வேலையின் பெரும்பகுதி.

நேரம் இன்னொரு சிக்கல். ஒரு பேனலில் இரண்டு பேர் நிற்கிறார்கள். ஒருவன் குத்துவிட்டுக்கொண்டே இரண்டு வாக்கியம் பேசுகிறான், மற்றவன் பதில் சொல்கிறான். வாசகர் இதை உறுத்தல் இல்லாமல் ஏற்றுக்கொள்வார், ஏனென்றால் பேனலுக்குள் ஓடும் நேரம் அவர் கையில் இருக்கிறது. நடிகர்களை வைத்து அதையே எடுத்தால் குத்து கால் நொடியில் முடிந்துவிடும், வசனம் எட்டு நொடி ஓடும். எனவே சண்டைக்குள் இருக்கும் பேச்சைச் சண்டைக்கு முன்னாலோ பின்னாலோ நகர்த்தவேண்டும், அல்லது சண்டையை நிறுத்தவேண்டும். நிறுத்தினால் அதற்குக் காரணம் வேண்டும். வலப்பக்கக் கடைசிப் பேனலில் ஒரு கேள்வி, தாளைத் திருப்பினால் முழுப்பக்கப் படமாகப் பதில் என்பது காமிக்ஸின் மிகப் பலமான உத்தி. திரையில் தாள் திருப்புதல் கிடையாது. அந்த அதிர்ச்சியைக் கட், ஒலி, நடிகரின் பார்வை எதனால் கொண்டுவரப்போகிறீர்கள் என்பதைக் காட்சியின் அமைப்பிலேயே யோசித்து எழுதவேண்டும்.

எண்ணப் பலூன்களும் விவரிப்புப் பெட்டிகளும் புதியவர்கள் அதிகம் தடுக்கி விழும் இடம். நாயகன் நினைப்பதை அப்படியே பின்னணிக் குரலாகப் போட்டுவிடுவார்கள். பேனலில் பெட்டி ஒரு செய்தியும் படம் வேறொரு செய்தியும் சொல்லும். இரண்டும் உரசும்போதுதான் சுவை. பின்னணிக் குரல் பெரும்பாலும் திரையில் தெரிவதையே திரும்பச் சொல்லிவிடும். சரியான வழி, அந்த எண்ணத்தை ஒரு செயலாகவோ பொருளாகவோ மாற்றுவது. பிளேடின் ஊசி அப்படிப்பட்டதுதான். ‘எனக்குள் பசி இருக்கிறது’ என்று அவன் சொல்லவேண்டிய தேவையே இல்லை.

வேலையின் வரிசை ஏறக்குறைய இப்படி இருக்கும். முதலில் முழுக் கதையையும் குறிப்பெடுக்காமல் ஒருமுறை படித்துவிட்டு, புத்தகத்தை மூடிவைத்து, நினைவில் நிற்பதை மட்டும் ஒரு பக்கத்தில் எழுதுவது. நினைவில் நிற்காதது படத்திலும் நிற்காது. இந்த ஒரு பக்கம் பிறகு பலமுறை காப்பாற்றும். இரண்டாம் வாசிப்பில் இதழ் இதழாகப் பிரித்து, ஒவ்வொரு நிகழ்வுக்கும் ஓர் அட்டை. யார், என்ன வேண்டும், என்ன மாறியது என்ற மூன்று வரி போதும். ஆறு இதழுக்கு 100 அட்டைகூட வரும். அதிலிருந்து 40 முதல் 60 வரை மட்டும் மேஜையில் நிற்கவேண்டும். ஒரே வேலையைச் செய்யும் இரண்டு பாத்திரங்களை ஒருவராக்குவது, மூன்று இடங்களில் நடப்பதை ஓரிடத்துக்குக் கொண்டுவருவது, ஒவ்வோர் இதழின் முடிவிலும் இருக்கும் திடுக்கிடும் திருப்பங்களைக் குறைப்பது எல்லாம் இந்தக் கட்டத்தில்தான். இந்தக் கடைசி விஷயத்தைப் பலர் கவனிப்பதில்லை. 22 பக்கத்துக்கு ஒருமுறை திருப்பம் வருவது, வாசகர் அடுத்த மாதமும் கடைக்கு வரவேண்டும் என்பதற்காக. அதை அப்படியே வைத்தால் படம் ஆறு முறை முடிந்து ஆறு முறை தொடங்குவதுபோல இருக்கும். அதன்பிறகு, கதையை உரைநடையில் சொல்லும் 10 முதல் 30 பக்க ட்ரீட்மென்ட். நம்மூர் டிஸ்கஷனில் ஒன்லைனும் சீன் ஆர்டரும் போடுவதற்கு அது நெருக்கமானது. அதற்கும் பிறகுதான் திரைக்கதை.

மூலத்தில் கதை இருக்கிறதா, பாத்திரம் மட்டும் இருக்கிறதா என்பது வேலையை முற்றிலும் மாற்றிவிடும். பேட்மேன் 1939 முதல் வந்துகொண்டிருக்கிறான், ஆயிரக்கணக்கான இதழ்கள். ‘பேட்மேன் பிகின்ஸ்’ எழுதியபோது கோயரும் இயக்குநர் கிறிஸ்டஃபர் நோலனும் அந்தக் குவியலில் ஒரு கதையை எடுத்துக்கொள்ளவில்லை. ஓர் இடைவெளியை எடுத்துக்கொண்டார்கள். பெற்றோர் கொலையாவதற்கும் முகமூடி மாட்டுவதற்கும் நடுவில் அவன் எங்கே போனான், என்ன கற்றான்? 1989-இல் டென்னிஸ் ஓ’நீல் எழுதிய ஒரு சிறுகதையில் குழியில் விழும் சிறுவனும் உலகம் சுற்றிப் பயிற்சி பெறுவதும் இருந்தன. 1987-இல் ஃபிராங்க் மில்லர், டேவிட் மாசுகெல்லி செய்த ‘இயர் ஒன்’னில் தாதா ஃபால்கோனியும் ஊழல் போலீசும் நேர்மையான போலீஸ் அதிகாரி கார்டனும் இருந்தார்கள். வில்லன் ரா’ஸ் அல் கூல் 1971-இல் வந்தவன். இவற்றையெல்லாம் கோத்த சரடு பயம். பயத்தை மருந்தாக்கி வீசும் ஸ்கேர்குரோ, பயத்தால் ஊரை ஆளும் ஃபால்கோனி, பயத்தை ஆயுதமாகக் கற்பிக்கும் ரா’ஸ், வௌவாலுக்குப் பயந்த சிறுவன். இந்தச் சரடில் கோக்க முடியாத வில்லன்கள், எவ்வளவு புகழ்பெற்றவர்களாக இருந்தாலும், உள்ளே வரவில்லை. 140 நிமிடப் படத்தில் பேட்மேன் உடையில் நாயகன் வர ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஆகிறது. அவ்வளவு நேரம் காத்திருக்க வைக்கும் துணிவு, சரடு உறுதியாக இருந்ததால் வந்தது. இந்தப் படத்தின் பெருமை என்று கேட்டால் நான் இதைத்தான் சொல்வேன்.

அந்தப் படத்தில் நாயகனுக்குப் பயிற்சி தருபவரின் டுகார்ட் என்ற பெயருக்கும் ஒரு வரலாறு உண்டு. 1989 பேட்மேன் படத்தின் திரைக்கதையாசிரியர் சாம் ஹாம், அதே ஆண்டு காமிக்ஸிலும் ஒரு கதை எழுதினார். அதில் அவர் உருவாக்கிய பாத்திரம் அது. திரைக்கதையாசிரியர் காமிக்ஸுக்குக் கொடுத்தது 16 ஆண்டு கழித்து வேறொரு திரைக்கதையாசிரியர் வழியாகத் திரைக்கு வந்தது. ஹாமுக்கு 1989 படத்தில் வேறு விதமான கஷ்டம். 1988-இல் அமெரிக்க எழுத்தாளர் சங்கம் ஐந்து மாத வேலைநிறுத்தத்தில் இருந்தது. அவர் பேனாவைத் தொட முடியவில்லை. வேலைநிறுத்தத்துக்குப் பின் மற்றவர்கள் கையில் திரைக்கதை மாறியது. வேலைக்காரர் ஆல்ஃபிரட், நாயகியை இரகசியக் குகைக்குள் அழைத்து வரும் காட்சிக்கு ரசிகர்கள் பல ஆண்டுகள் ஹாமைத் திட்டினார்கள். அது அவர் எழுதியதே அல்ல.

முழுமையான கதை இருக்கும்போது சிக்கல் நேர் எதிராகிவிடும். ஆலன் மூர், டேவ் கிப்பன்ஸ் இருவரும் 1986–87-இல் 12 இதழாகக் கொண்டுவந்த ‘வாட்ச்மென்’ பெரும்பாலும் மூன்றுக்கு மூன்று என ஒன்பது கட்டப் பக்கங்களால் ஆனது. 5-ஆம் இதழ் நடுப்பக்கத்தை மையமாக வைத்து முன்பாதியும் பின்பாதியும் கண்ணாடிப் பிம்பமாக அமையும்படி வரையப்பட்டது. அதன் பொருளே அந்த அமைப்பில்தான் இருக்கிறது. அதைத் திரைக்குக் கொண்டுபோக வழியே இல்லை. சாம் ஹாம் 1980-களின் இறுதியில் ஒரு வடிவம் எழுதினார், டெர்ரி கில்லியம் இன்னொன்றுக்கு முயன்றார். கடைசியில் டேவிட் ஹேட்டர், அலெக்ஸ் ட்சே பெயரில் 2009-இல் படம் வந்தது, 162 நிமிடம். மூலத்தின் முடிவில் நியூயார்க்கில் வந்து விழும் ராட்சத உயிரினம் படத்தில் இல்லை. பழியை டாக்டர் மன்ஹாட்டன் மீது போடும் முடிவாக மாற்றினார்கள். தீவில் கலைஞர்கள் காணாமல் போவது, அந்த உயிரினத்தை உருவாக்குவது என்று மூலத்தில் பல இதழ்களாகத் தூவியிருந்த முன்னேற்பாடுகள் அனைத்தையும் வைத்தால்தான் அந்த முடிவு நிற்கும். படத்தில் அதற்கு இடமில்லை. ஏற்கெனவே கதையில் இருக்கும் ஒருவனைக் கொண்டே முடிப்பது திரைக்கதை அறிவுள்ள முடிவு என்றுதான் நான் கருதுகிறேன். அந்தப் படத்தின் குறை வேறிடத்தில். தனித்தனிப் பேனல்களை அப்படியே திரையில் நிறுத்துவதில் காட்டிய அக்கறையில் மூலத்தின் தாளகதி போய்விட்டது. வாசகர் தன் வேகத்தில் முன்னும் பின்னும் புரட்டிச் சேர்த்துக்கொண்ட பொருளை, ஒரே வேகத்தில் ஓடும் படம் தர முடியவில்லை.

அந்தப் படத்தின் வழக்கும் பாடமாகக் கொள்ளவேண்டியது. படம் எடுத்து முடித்த நிலையில், உரிமை தங்களிடம் இருக்கிறது என்று ஃபாக்ஸ் நிறுவனம் அதை எடுத்த வார்னர் மீது வழக்குப் போட்டது. 1980-களில் ஃபாக்ஸ் வாங்கிய உரிமை கைமாறிய ஆவணங்களில் ஓட்டை இருந்தது. 2008 டிசம்பரில் நீதிபதி ஃபாக்ஸ் பக்கம் சாய்ந்தார். 2009 ஜனவரியில் சமரசம் ஆனது. உரிமைச் சங்கிலி என்று சொல்வது இதைத்தான்: படைப்பாளியிடமிருந்து இன்றைய தயாரிப்பாளர் வரை ஒவ்வொரு கைமாற்றத்துக்கும் கையெழுத்திட்ட தாள் இருக்கவேண்டும். எழுத்தாளர் அதைச் சரிபார்க்கத் தேவையில்லை என்று நினைக்கலாம். ஆனால் ஓட்டை இருந்தால் இரண்டு வருட உழைப்பு அலமாரியில் போய் உட்காரும். வழக்கமாக 12 முதல் 18 மாதத்துக்கு ஆப்ஷன் (படமாக்கும் உரிமையை முன்பதிவு செய்வது) எடுத்து, அதற்குள் படம் நகராவிட்டால் உரிமை திரும்பிப் போய்விடும். நீங்கள் எழுதும் காலம் அந்த ஆப்ஷன் காலத்துக்குள் அடங்குகிறதா என்றாவது கேட்டுக்கொள்ளுங்கள்.

வேலை வரும் வழி பெரும்பாலும் போட்டி. ஸ்டூடியோவிடம் ஒரு பாத்திரம் இருக்கும்; பல எழுத்தாளர்களைக் கூப்பிட்டு ‘உங்கள் பார்வை என்ன’ என்று கேட்பார்கள். 20 நிமிடம் வாயால் சொல்லவேண்டும். அதில் கதைச்சுருக்கம் சொல்லி நேரத்தைக் கரைப்பது பெரிய பிழை, கதை அவர்களுக்குத் தெரியும். ஏன் இப்போது, நாயகனுக்குள் இருக்கும் முடிச்சு என்ன, எந்த எதிரி அதை அவிழ்ப்பான், கடைசியில் அவன் என்ன இழக்கிறான் என்ற நான்கைச் சொன்னால் போதும். சொல்லிவிட்டு எழுதிய தாளை அங்கே விட்டுவிட்டு வராதீர்கள். சம்பளமில்லாத எழுத்து அது. அமெரிக்க எழுத்தாளர் சங்கமே தன் உறுப்பினர்களுக்குத் திரும்பத் திரும்பச் சொல்லும் அறிவுரை இது. இன்னொரு வழி நிக்கோல் பெர்ல்மன் போன வழி. 2009-இல் மார்வெல் தொடங்கிய எழுத்தாளர் பயிற்சித் திட்டத்தில் சேர்ந்தார். அங்கே கொடுத்த பட்டியலில் யாரும் பெரிதாக மதிக்காத ‘கார்டியன்ஸ் ஆஃப் தி கேலக்ஸி’யைத் தேர்ந்தெடுத்து இரண்டு ஆண்டு அதிலேயே கிடந்தார். 2014-இல் ஜேம்ஸ் கன்னோடு அவர் பெயரும் டைட்டில் கார்டில் வந்தது. புகழ்பெற்ற நாயகனுக்கு வரிசையில் நிற்காமல், கூட்டமில்லாத பாத்திரத்தைப் பிடித்துக்கொண்டது புத்திசாலித்தனம்.

ஒப்பந்தம் படிப்படியாக இருக்கும்: முதல் வரைவு, திருத்த வரைவு, மெருகேற்றல். முதல் வரைவுக்கு 12 வாரம் தருவது வழக்கம். ஒவ்வொரு படிக்குப் பிறகும் உங்களை அனுப்பிவிட்டு வேறொருவரை எடுக்க ஸ்டூடியோவுக்கு உரிமை உண்டு. 2023-இல் 148 நாள் வேலைநிறுத்தத்துக்குப் பின் கிடைத்த ஒப்பந்தத்தில், குறைந்தபட்சக் கூலியின் இரு மடங்கு வரை மட்டுமே வாங்கும் எழுத்தாளருக்கு இரண்டாம் படி கட்டாயம் என்று சேர்த்திருக்கிறார்கள். செயற்கை நுண்ணறிவு எழுதித் தருவதை இலக்கிய ஆக்கமாகக் கணக்கில் கொள்ளக்கூடாது என்றும் சேர்த்தார்கள். ஷூட்டிங் தொடங்கியபின் வரும் திருத்தங்கள் வண்ணத் தாளில் போகும்: நீலம், இளஞ்சிவப்பு, மஞ்சள், பச்சை என்று. மாற்றிய வரியின் ஓரத்தில் நட்சத்திரக் குறி. சூப்பர்ஹீரோ படத்தில் இந்தத் திருத்தங்கள் அதிகம், ஏனென்றால் கிராஃபிக்ஸ் கூடம் முன்கூட்டியே வடிவமைத்துவிட்ட சண்டைக்குப் பொருந்துகிற மாதிரி கதையை வளைக்கச் சொல்வார்கள்.

இனி டைட்டில் கார்டு. இதில்தான் பணமும் அடுத்த வேலையும் இருக்கின்றன. மறுஒளிபரப்பு, வீடியோ, ஸ்ட்ரீமிங் வழியாகப் பின்னால் வரும் தொகைகள் பெயர் வந்தவருக்கு மட்டுமே. பலர் எழுதிய படத்தில் யார் பெயர் என்பதைச் சங்கத்தின் நடுவர்கள் மூவர் தீர்மானிக்கிறார்கள்; வரைவுகளில் பெயருக்குப் பதில் ‘எழுத்தாளர் ஏ’, ‘எழுத்தாளர் பி’ என்றுதான் இருக்கும். மூலக்கதை உள்ள படத்தில் திரைக்கதைக்கு 33 சதவீதத்துக்கு மேல் பங்களித்திருக்கவேண்டும். அசல் கதையில் பின்னால் வந்து சேர்ந்தவருக்கு அதுவே 50 சதவீதம். கார்டில் இரு பெயருக்கு நடுவே ‘&’ குறி இருந்தால் சேர்ந்து எழுதிய ஜோடி; ‘அண்ட்’ என்று எழுத்தில் இருந்தால் வெவ்வேறு நேரத்தில் தனித்தனியே எழுதியவர்கள். 2008 ‘அயன் மேன்’ கார்டில் இரண்டும் உண்டு: இரண்டு ஜோடிகள், நடுவில் ‘அண்ட்’. பாத்திரத்தை மட்டும் எடுத்துக்கொண்டு கதை புதிதாக அமைத்தால் ‘எழுதியவர்’ என்ற முழுப் பெயரே கிடைக்கலாம். 2018 ‘பிளாக் பாந்தர்’ படத்தில் ரயன் கூக்ளருக்கும் ஜோ ராபர்ட் கோலுக்கும் அப்படித்தான் வந்தது. ‘வாட்ச்மென்’போல மூலத்தில் கதையும் இருந்தால் ‘திரைக்கதை’ மட்டும்.

2000-இல் வந்த ‘எக்ஸ்-மென்’ படத்தில் கிறிஸ்டஃபர் மக்குவாரி, எட் சாலமன், ஜாஸ் வீடன் எல்லோரும் வேலை செய்திருக்கிறார்கள். கார்டில் திரைக்கதைக்கு டேவிட் ஹேட்டர் பெயர் மட்டுமே. 2002 ‘ஸ்பைடர்மேன்’ படத்தில் ஜேம்ஸ் கேமரூன் முதலில் எழுதிய நீண்ட வரைவிலிருந்து, வலை உடம்பிலிருந்தே சுரக்கும் யோசனை வந்தது. காமிக்ஸில் அது பீட்டர் செய்துகொண்ட கருவி. ஆனாலும் கேமரூன் உட்பட மற்றவர்கள் விட்டுக்கொடுக்க, டேவிட் கெப் ஒருவர் பெயரே வந்தது. 1978 ‘சூப்பர்மேன்’ திரைக்கதையை ஷூட்டிங்குக்கு முன் பெருமளவு திருத்தி எழுதிய டாம் மான்கியவிச்சுக்கு ‘ஆக்க ஆலோசகர்’ என்ற பட்டம்தான். எனவே ஒவ்வொரு வரைவையும் தேதி போட்டுத் தனிக் கோப்பாக வையுங்கள். மேலே மேலே எழுதி அழித்தவருக்கு நடுவர் முன் காட்ட எதுவும் இருக்காது.

எழுத்தாளருக்கே இவ்வளவு இழுபறி என்றால் காமிக்ஸை உருவாக்கியவர்கள் பட்டது அதைவிடக் கொடுமை. ஜெர்ரி சீகலும் ஜோ ஷஸ்டரும் 1938-இல் சூப்பர்மேன் உரிமையை 130 டாலருக்குக் கொடுத்துவிட்டார்கள். 1975-இல் பத்திரிகைகள் குரல் எழுப்பியபின்தான் பதிப்பகத்தின் உரிமையாளரான வார்னர் ஆண்டுத் தொகையும், ‘உருவாக்கியவர்கள்’ என்ற பெயரும் கொடுக்க ஒப்புக்கொண்டது. பேட்மேனை பாப் கேனோடு சேர்ந்து உருவாக்கிய பில் ஃபிங்கர் 1974-இல் இறந்தார். அவர் பெயர் திரையில் வர ஒப்புதல் கிடைத்தது 2015-இல். மார்வ் வுல்ஃப்மேன் பிளேடு உள்ளிட்ட பாத்திரங்களுக்கு உரிமை கோரித் தொடுத்த வழக்கில் 2000-இல் தோற்றார். ஆலன் மூர் ‘வாட்ச்மென்’ படத்தில் தன் பெயரே வேண்டாம் என்று சொல்லிவிட்டார். மூலத்தை எழுதியவர் உயிரோடு இருந்தால் அவரிடம் பேசுங்கள், ஒப்பந்தம் கட்டாயப்படுத்தாவிட்டாலும். உங்கள் பேட்டிகளில் அவர் பெயரைச் சொல்லுங்கள். இதில் எனக்கு இரண்டாவது கருத்து கிடையாது.

தமிழ்நாட்டிலிருந்து தொடங்குபவர்களுக்கு ஒரு தனிக் குறிப்பு. சிவகாசியிலிருந்து முத்து காமிக்ஸ், லயன் காமிக்ஸ் வழியாக நாம் படித்து வளர்ந்த நாயகர்களில் பெரும்பாலோர் வெளிநாட்டவர்கள்; இரும்புக்கை மாயாவி பிரிட்டிஷ் வார இதழில் பிறந்தவர். இங்குள்ள பதிப்பகம் வாங்கியிருப்பது தமிழில் அச்சிடும் உரிமை. படமாக்கும் உரிமை மூலப் பதிப்பாளரிடமோ படைப்பாளியிடமோதான் இருக்கும், அங்கேதான் கேட்கவேண்டும். கேட்காமல் எழுதிய திரைக்கதை எவ்வளவு நன்றாக இருந்தாலும் அதை வைத்துத் தயாரிப்பாளரைப் பார்க்க முடியாது. அதற்குப் பதில் இங்கே சொந்தமாகக் காமிக்ஸ் வெளியிடும் எழுத்தாளரையும் ஓவியரையும் தேடிப் பிடித்து எழுத்தில் ஒப்பந்தம் போடலாம். இருவரும் சேர்ந்து உருவாக்கியிருந்தால் இருவர் கையெழுத்தும் வேண்டும். எழுத்தாளர் மட்டும் போட்டுக் கொடுத்துவிட்டுப் பிறகு ஓவியர் வந்து நிற்பது நடக்கக்கூடியது. 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 19-ஆம் பிரிவுப்படி உரிமை மாற்றம் எழுத்தில் இருந்தால்தான் செல்லும். காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து ஆண்டு. எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும். வாங்கிய உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால், ஒப்பந்தத்தில் வேறு விதமாகச் சொல்லாத வரை, அது காலாவதியாகிவிடும். திரைக்கதை ஓராண்டில் முடிந்து படம் தொடங்குவது அரிது. எனவே காலத்தை மூன்று ஆண்டு என்றாவது தெளிவாக எழுதிக்கொள்ளுங்கள்.

பயிற்சிக்கு உரிமை எதுவும் தேவையில்லை, வெளியே காட்டாத வரை. 22 பக்க இதழ் ஒன்றை எடுத்து 12 பக்கத் திரைக்கதையாக எழுதுங்கள். பின்னணிக் குரல் கூடாது. அதை இதழையே பார்த்திராத ஒருவரிடம் கொடுத்து, நாயகனுக்கு என்ன வேண்டும், கடைசியில் என்ன மாறியது என்று மட்டும் கேளுங்கள். அவரால் சொல்ல முடியவில்லை என்றால் பிழை பெரும்பாலும் முதல் மூன்று பக்கத்தில் இருக்கும்: தொடர் வாசகருக்கு ஏற்கெனவே தெரிந்த ஒன்றை நீங்கள் எழுதாமல் விட்டிருப்பீர்கள். அதைச் சேர்த்து, வேறு இடத்தில் அதே அளவு வெட்டி, மறுபடி 12 பக்கத்துக்குள் கொண்டுவாருங்கள். இப்படி ஐந்தாறு இதழ் செய்தபின் அந்தக் கோப்புகளை எடுத்துவைத்துவிட்டு, சொந்தக் கதையில் 110 பக்கம் எழுதத் தொடங்குங்கள். வாய்ப்புக் கேட்டுப் போகும்போது கையில் கொண்டுபோகவேண்டியது அதுதான்.